பரணில் கிடந்த டி.வி. கேம்

"கம்ப்யூட்டரில் விளையாட்டுப் போடுவதைப் பற்றி ஒரு குடும்பத் தலைவி எழுத என்ன இருக்கிறது?" என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள், சகோதரிகளே. எஸ்.எஸ்.எல்.சி.யோடு படிப்பை நிறுத்தியவள் நான். எங்கள் வீட்டில் ஃப்யூஸ் போனால்கூட அடுத்த வீட்டுத் தம்பியைத்தான் கூப்பிடுவோம். அப்படிப்பட்ட நான் இந்த வேலையைக் கற்றுக்கொண்டதற்கு ஒரு காரணம் இருக்கிறது. அதைச் சொன்னால்தான் மற்றது விளங்கும்.

எனக்கு இரண்டு பிள்ளைகள். பெரியவள் கோவையில் வேலையில் இருக்கிறாள். சின்னவன் அவளுக்குப் பதினோரு வருஷம் கழித்துப் பிறந்தவன். கேட்க வேண்டுமா! அப்பாயிக்குச் செல்லம், அப்பாவுக்குச் செல்லம். பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் அப்பாவின் செல்போனை வாங்கி வைத்துக்கொண்டு திண்ணையில் உட்கார்ந்தால், விளக்கு வைத்த பிறகும் எழுந்திருக்க மாட்டான். "பையன் வீட்டோடு இருக்கிறான், ஊர் சுற்றவில்லை" என்று நானும் பேசாமல் இருந்துவிட்டேன். என் தவறுதான்.

போன வருஷம் சித்திரையில், மகளிர் குழுத் தவணைக்கென்று இவர் வங்கிக் கணக்கில் விட்டு வைத்திருந்த பணத்தில் நாலாயிரத்து முந்நூறு ரூபாயைக் காணோம். எடுத்தது நம் பிள்ளைதான். விளையாட்டில் வரும் சிப்பாய்க்கு உடுப்பும் துப்பாக்கியும் வாங்க 'வைரம்' வேண்டுமாம். நாற்பது, எண்பது என்று சிறுகச் சிறுகப் போயிருக்கிறது. ரகசிய எண் எப்படித் தெரியும் என்று கேட்டால், அப்பா மளிகைக் கடையில் பணம் அனுப்பும்போது பக்கத்தில் நின்று பார்த்தானாம். "எல்லார்ட்டயும் இருக்கும்மா, எனக்கு மட்டும் இல்ல" என்றான். இவர் கையை ஓங்கிவிட்டார். என் மாமியார் குறுக்கே விழுந்து தடுத்தார். செல்போன் பீரோவுக்குள் போயிற்று.

பிள்ளைகளிடம் பிடுங்குவது சுலபம். பிடுங்கிய பிறகு அந்த இடத்தில் என்ன வைப்பது என்பதுதான் தெரிவதில்லை. ஒன்பது நாள் அவன் என்னோடு ஒரு வார்த்தை பேசவில்லை. தட்டில் போட்டதை அளைந்துவிட்டு எழுந்து போவான். ஒரு நாள் ராத்திரி ஒரு மணிக்குத் தண்ணீர் குடிக்க எழுந்தேன். இருட்டில் பீரோவுக்கு முன்னால் உட்கார்ந்திருந்தான். திறக்கவெல்லாம் முயலவில்லை. சும்மா பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தான். எனக்கு அடிவயிறு கலங்கிவிட்டது.

இதற்கு நோய் என்றே ஒரு பெயர் இருக்கிறது. விளையாட்டைக் கட்டுப்படுத்திக்கொள்ள முடியாமல் போவது, சாப்பாடு, தூக்கம், படிப்பு எல்லாவற்றையும் விட அதுவே பெரிதாகிவிடுவது, கெடுதல் வந்த பின்னும் விட முடியாமை, இவை ஏறக்குறைய ஒரு வருஷம் நீடித்தால் அதை ஒரு கோளாறாகக் கொள்ள வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் தன் நோய்ப் பட்டியலில் சேர்த்திருக்கிறது. 2019-இல் ஏற்கப்பட்ட அந்தப் பட்டியல் 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது. இதைப் படித்துவிட்டு எல்லாப் பிள்ளைகளுக்கும் நோய்ப் பட்டம் கட்ட வேண்டாம். என் பையன் அந்த அளவுக்குப் போகவில்லை. ஆனால் போகிற வழியில் நின்றுகொண்டிருந்தான்.

அந்தச் சமயத்தில்தான் அன்னவாசலில் என் அம்மா வீட்டுப் பரணை ஒழிக்கப் போனேன். வெண்கலப் பானை, ஓட்டை அண்டா, என் பழைய தையல் பெட்டி... இவற்றுக்கு அடியில் ஒரு அட்டைப் பெட்டி. திறந்தால் எங்கள் டி.வி. கேம்! 1994 தீபாவளிக்கு அப்பா திருச்சியிலிருந்து வாங்கி வந்தது. எனக்கும் தம்பிக்கும் அந்த வருஷம் புதுத் துணி ஒரு செட்டுதான், பட்டாசு பாதிதான். ஆனாலும் நாங்கள் மகாராஜாவாக இருந்தோம். உங்களில் என் வயதுக்காரர்களுக்கு ஞாபகம் இருக்கும். சமுராய், லிட்டில் மாஸ்டர் என்று பல பெயர்களில் அப்போது வந்தது. வெள்ளைப் பெட்டி, அதில் சொருகும் 'கேசட்', ஒயரோடு இரண்டு கைப்பிடிகள். ஓடாவிட்டால் கேசட்டை எடுத்து உஃப் என்று ஊதிச் சொருகுவோம். (ஊதக் கூடாதாம். எச்சில் ஈரம் பட்டு உள்ளேயுள்ள உலோகப் பற்கள் கறுத்துவிடும் என்று இப்போது சொல்கிறார்கள். நாங்கள் ஊதிய ஊதலில் அந்தக் கேசட் பிழைத்ததே அதிசயம்.) மேலே 9999 விளையாட்டு என்று போட்டிருக்கும். நிஜத்தில் பத்துப் பன்னிரண்டு விளையாட்டையே பெயர் மாற்றி மாற்றிப் போட்டிருப்பார்கள்.

"அதைத் தூக்கிக் குப்பையில போடு" என்றார் அம்மா. நான் போடவில்லை. பேருந்தில் மடியில் வைத்துக்கொண்டே குடுமியான்மலைக்குக் கொண்டு வந்தேன். கூடத்தில் வைத்துத் தூசி தட்டும்போது பின்னால் ஒரு குரல்.

"இது என்னம்மா?"

ஒன்பது நாளைக்குப் பிறகு கேட்ட முதல் வார்த்தை! நான் முகத்தில் எதையும் காட்டிக்கொள்ளாமல், "நானும் மாமாவும் விளையாண்டது. போடுவமா?" என்றேன்.

போட முடியவில்லை. மின்சாரத்தில் சொருகிய ஒரே நிமிஷத்தில் அடாப்டரிலிருந்து தீய்ந்த வாடை வந்தது. வேறு அடாப்டர் வாங்கி வந்தும் திரையில் கோடு கோடாக வந்ததே தவிரப் படம் வரவில்லை. வாத்து சுடும் துப்பாக்கி ஒன்று அதோடு இருந்தது. அது பழைய பெரிய கண்ணாடிக் குழாய் டி.வி.க்கென்று செய்தது. இப்போதைய தட்டை டி.வி.யில் பெட்டி வேலை செய்தாலும் துப்பாக்கி வேலை செய்யாதாம். பையன் முகம் வாடிப்போயிற்று. சிங்கப்பூரில் இருக்கும் என் தம்பியைக் கூப்பிட்டேன். சாதாரணமாக எங்கள் பேச்சு, "சாப்டியாக்கா? அம்மாவுக்கு மாத்திரை இருக்கா?" என்பதோடு முடிந்துவிடும். அன்றைக்குப் படத்தில் அந்த வெள்ளைப் பெட்டியைப் பார்த்ததும் ஒரு கூச்சல் போட்டான் பாருங்கள், பக்கத்தில் தூங்கிக்கொண்டிருந்தவர்கள் எழுந்திருப்பார்கள்!

"அக்கா, பெட்டி போனாப் போகுது. பெரியவளோட லேப்டாப் இருக்குல்ல? அதுல எமுலேட்டர் போடு. அதே கேம் அப்படியே வரும்."

"எமு... என்னதுடா?"

அவன் சொன்னதையும், பின்னால் நானே தெரிந்துகொண்டதையும் சேர்த்துச் சொல்கிறேன்.

எங்கள் வெள்ளைப் பெட்டி ஒரு நகல். அசல் ஜப்பானில் 1983 ஜூலை 15 அன்று நின்டெண்டோ கம்பெனி வெளியிட்ட 'ஃபேமிகாம்'. 'ஃபேமிலி கம்ப்யூட்டர்' என்பதன் சுருக்கம் அது. இந்தக் கம்பெனி 1889-இல் கியோட்டோ நகரத்தில் சீட்டுக்கட்டு செய்து விற்க ஆரம்பித்ததாம். இதை நான் படித்துக் காட்டியதும் என் மாமியார், "அதான பாத்தேன், சீட்டாட்டக்காரன் வேலையா இது!" என்றார்.

அந்தப் பெட்டிக்குள் இருந்ததும் ஒரு சிறிய கம்ப்யூட்டர்தான். கணக்குப் போடும்போது கையில் வைத்துக்கொள்ள அதற்கு இருந்த ஞாபக இடம் வெறும் 2 கிலோபைட். மாரியோ என்று குழாய்க்குள் இறங்கிப் போகும் மீசைக்காரன் விளையாட்டு இருக்கிறதே, 1985-இல் வந்தது, அது மொத்தமே 40 கிலோபைட். நமக்கு வாட்ஸ்அப்பில் வருகிற ஒரு கல்யாணப் பத்திரிகைப் படம் அதைவிடப் பெரியது! ஆனால் அந்த 40 கிலோபைட்டை அப்படியே தூக்கி நம் கம்ப்யூட்டரில் போட்டால் அதற்கு ஒன்றும் புரியாது. பெட்டியின் பாஷை வேறு, இதன் பாஷை வேறு. நடுவில் ஒரு துபாஷி வேண்டும். கேசட்டில் எழுதியிருக்கும் ஒவ்வொரு கட்டளையையும் படித்து, "பழைய பெட்டியாக இருந்தால் இந்த நேரத்தில் என்ன செய்திருக்கும்?" என்று பார்த்து, அதே மாதிரி நம் கம்ப்யூட்டரைச் செய்ய வைக்கும் புரோகிராம்தான் எமுலேட்டர். விநாடிக்கு அறுபது படம் வீதம் இதைச் செய்துகொண்டே இருக்கிறது.

எங்கள் ஊரில் இருப்பவர்களுக்கு இது சட்டென்று விளங்கும். மலையடியில் மேலக்கோயில் குடைவரைக்குப் பக்கத்துப் பாறையில் இசைக் கல்வெட்டு இருக்கிறது. ஏழாம் நூற்றாண்டைச் சேர்ந்தது என்பார்கள். ஏழு பண்களுக்கான சுரங்களை வரிசை வரிசையாகக் கிரந்த எழுத்தில் வெட்டியிருக்கிறார்கள். ருத்ராசாரியார் என்பவரின் சீடரான ஓர் அரசர் மாணவர்களின் நன்மைக்காகச் செய்தது என்று அதிலேயே இருக்கிறதாம். நான் கல்யாணமாகி வந்த நாளிலிருந்து அதைப் பார்க்கிறேன். பாறை பாறையாகத்தான் இருக்கிறது, ஒரு சத்தமும் வந்ததில்லை. படிக்கத் தெரிந்தவர் ஒருவர் வீணையை எடுத்து உட்கார்ந்தால்தான் அது பாட்டு. இந்த விளையாட்டு விஷயமும் அப்படித்தான் என்று பையனிடம் சொன்னேன். "அப்ப எமுலேட்டர்தான் வீணைக்காரராம்மா?" என்று அவனே முடித்தான்.

சரி, வேலைக்கு வருவோம். மகள் பிளஸ் டூ படித்தபோது 2019-இல் அரசாங்கத்தின் விலையில்லா மடிக்கணினித் திட்டத்தில் கிடைத்த கம்ப்யூட்டர் துணிப் பையோடு பீரோவின் மேல் இருந்தது. 2011 செப்டம்பரில் தொடங்கிய அந்தத் திட்டத்தில் வந்தவை எத்தனை வீடுகளில் இப்படித் தூங்குகின்றனவோ! நாங்கள் மாதக் கணக்கில் சார்ஜ் போடாமல் வைத்ததில் பாட்டரி செத்துப்போயிருந்தது. ஒயரைச் சொருகினால் ஓடியது. இந்தப் பழைய விளையாட்டுக்களுக்குப் புதிய கம்ப்யூட்டரே தேவையில்லை. அதனால் செலவு என்று பயப்பட வேண்டாம்.

நானும் பையனும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தோம். அவசரக்குடுக்கையாக நான் முதலில் ஒரு தப்பு செய்தேன். 'இலவச விளையாட்டு' என்று கண்ட இடத்தில் தேடி, பச்சை நிறத்தில் பளிச்சென்று இருந்த ஒரு பொத்தானை அழுத்திவிட்டேன். விளையாட்டு வரவில்லை. திரை முழுக்க விளம்பரம் விளம்பரமாகத் திறந்தது. அதில் சில, பிள்ளைகள் கண்ணில் படக் கூடாதவை. நான் பதறிப்போய் ஒயரையே பிடுங்கினேன். பிறகு வேளாண்மைக் கல்லூரியில் படிக்கிற ஒரு பெண், எங்கள் தெருவில்தான் அறை எடுத்துத் தங்கியிருக்கிறாள், வந்து கிருமி நீக்கும் சோதனை ஓட்டிச் சரி செய்து கொடுத்தாள். அவள் சொன்ன ஒரு அடையாளத்தை நீங்களும் குறித்துக்கொள்ளுங்கள். இந்தப் பெட்டிக்கான விளையாட்டுக் கோப்பின் பெயர் கடைசியில் புள்ளி வைத்து 'என்.ஈ.எஸ்.' என்று முடிய வேண்டும். விளையாட்டு என்று சொல்லிக் கொடுத்துவிட்டு 'ஈ.எக்ஸ்.ஈ.' என்று முடிந்தால் தொடாதீர்கள். அது கம்ப்யூட்டருக்குள் புகுந்து வேலை பார்க்கும் புரோகிராம்.

எமுலேட்டரை மட்டும் அதைச் செய்தவர்களின் சொந்தப் பக்கத்திலிருந்தே இறக்க வேண்டும். நாங்கள் போட்டது 'எஃப்.சி.இ.யு.எக்ஸ்.' என்பது. 'மெசென்' என்று இன்னொன்றும் உண்டு. இரண்டும் இலவசம். மூட்டையாகக் கட்டிய 'ஜிப்' கோப்பாக வரும். அதைத் தனியாக ஒரு ஃபோல்டரில் பிரித்து வைத்துக்கொண்டு, உள்ளே உள்ள புரோகிராமை இரண்டு தடவை தட்டினால் கறுப்பாக ஒரு ஜன்னல் திறக்கிறது. பயந்துவிடாதீர்கள். கேசட் போடாத பெட்டி அப்படித்தான் இருக்கும். 'ஃபைல்' என்பதற்குள் போய் விளையாட்டுக் கோப்பைத் திறந்தால் படம் வந்துவிடும்.

அடுத்தது கைப்பிடி. கீபோர்டிலேயே விளையாடலாம். ஆனால் இரண்டு பேர் ஒரே கீபோர்டில் விரலை விட்டால் சண்டைதான் மிச்சம். புதுக்கோட்டைக்குப் போய் யூ.எஸ்.பி. ஒயர் வைத்த ஜாய்ஸ்டிக் இரண்டு, சேர்த்து எழுநூறு ரூபாய்க்குள் வாங்கினேன். 'கான்ஃபிக்' என்பதற்குள் 'இன்புட்' என்று இருக்கிறது. அங்கே போனால், "மேலே போக எந்தப் பொத்தான்? குதிக்க எது? சுட எது?" என்று ஒவ்வொன்றாகக் கேட்கும். நாம் கையில் உள்ளதை அழுத்திக் காட்ட வேண்டும். தையல் மெஷினுக்கு நூல் கோர்ப்பதைவிட இது ஒன்றும் கஷ்டமில்லை. நான் குதிப்பதையும் சுடுவதையும் மாற்றி வைத்துவிட்டேன். பையன் விழுந்து விழுந்து சிரித்தான். எச்.டி.எம்.ஐ. ஒயரை டி.வி.யில் சொருகியதும் கூடத்து டி.வி.யிலேயே படம் வந்துவிட்டது.

விளையாட்டு எங்கே கிடைக்கும் என்று கேட்பீர்கள். இங்கே ஒரு நியாயம் பேச வேண்டியிருக்கிறது. எமுலேட்டர் செய்வது குற்றமில்லை. அமெரிக்காவில் சோனி கம்பெனிக்கும் கனெக்டிக்ஸ் கம்பெனிக்கும் நடந்த வழக்கில் 2000-ஆம் வருஷமே மேல் கோர்ட்டு எமுலேட்டர் பக்கம் தீர்ப்புச் சொல்லிவிட்டது. ஆனால் விளையாட்டு வேறு. மாரியோ வந்து நாற்பது வருஷம் ஆனாலும் அதற்கு உரிமைக்காரர் இருக்கிறார். வலையில் சும்மா கிடக்கிறது என்று எடுத்தால் அது அடுத்தவர் தோட்டத்து மாங்காய்தான். "நீங்க சின்ன வயசுல விளையாண்டதே திருட்டு கேசட்தானம்மா?" என்று பையன் மடக்கினான். உண்மைதான், என்ன சொல்வது? "அப்ப எங்களுக்குத் தெரியாதுடா. தெரிஞ்ச பொறவு செஞ்சா தப்புடா" என்றேன். பணம் எடுத்த விஷயத்தை நான் சொல்லிக் காட்டவில்லை. அவனுக்கே உறைத்திருக்க வேண்டும், தலையைக் குனிந்துகொண்டான்.

அதிர்ஷ்டவசமாக, இந்தப் பழைய பெட்டிக்கென்றே ஆசைக்காக இன்றைக்கும் புதிதாக விளையாட்டுச் செய்து இலவசமாகத் தருகிறவர்கள் இருக்கிறார்கள். 'நோவா த ஸ்குவிரல்' என்று ஒன்று, அணில் குதித்துக் குதித்துப் போவது. 'கான்சன்ட்ரேஷன் ரூம்' என்று இன்னொன்று. கவிழ்த்து வைத்த சீட்டுக்களில் ஜோடி சேர்க்க வேண்டும். பின்னதில் என் மாமியார் ஒரு மாதத்துக்குள் எங்கள் எல்லாரையும் ஜெயித்துவிட்டார். 'சீட்டாட்டக்காரன் வேலை' என்று சொன்ன அதே அத்தைதான்!

செல்போன் விளையாட்டுக்கும் இதற்கும் என்ன வித்தியாசம், இதுவும் திரைதானே என்று என் நாத்தனார் கேட்டார். நானும் அதைத்தான் முதல் மாதம் முழுக்கக் கவனித்தேன். அந்தச் செல்போன் விளையாட்டில் அவனோடு எங்கெங்கோ இருக்கிறவர்கள் ஒரே நேரத்தில் ஆடுகிறார்கள். நடுவில் "சாப்பிட வாடா" என்றால் அவனால் வர முடியாது. நிறுத்தினால் இவன் ஆள் செத்துப்போவான், கூட ஆடுகிறவர்கள் திட்டுவார்கள். நான் அதைப் பிடிவாதம் என்று நினைத்து அடித்திருக்கிறேன். அந்த விளையாட்டுக்கு முடிவும் கிடையாது. ஒன்று முடிந்தால் இன்னொன்று, அதற்கு ஒரு வைரம். பழைய விளையாட்டில் ஒரு பொத்தானை அழுத்தினால் அப்படியே நிற்கிறது. எமுலேட்டரில் இன்னொரு வசதி, விட்ட இடத்தைப் பத்திரப்படுத்தி வைத்து நாளைக்கு அங்கிருந்தே தொடரலாம். எங்கள் கம்ப்யூட்டருக்குப் பாட்டரி இல்லாததால் கரண்டு போனால் எல்லாம் போய்விடும். அதனால் அடிக்கடி பத்திரப்படுத்தச் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். முதல் தடவை சாப்பிடக் கூப்பிட்டதும் அவன் நிறுத்திவிட்டு எழுந்து வந்தபோது எனக்கே ஆச்சரியமாக இருந்தது. தோசைக்கல்லைப் பார்க்காமல் அவனையே பார்த்துக்கொண்டு நின்றதில் ஒரு தோசை கருகிவிட்டது.

அதற்காக இஷ்டத்துக்கு விட்டுவிடவில்லை. பள்ளி நாட்களில் முக்கால் மணி, ஞாயிற்றுக்கிழமை ஒன்றரை மணி. அதுவும் வெயில் தாழ வெளியே ஓடி ஆடிவிட்டு வந்த பிறகுதான். பகல் வெளிச்சத்தில் வெளியே விளையாடுகிற பிள்ளைகளுக்குக் கிட்டப்பார்வை வருவது குறைகிறது என்று கண் வைத்தியர்கள் சொல்கிறார்கள். திரையை இருட்டில் பார்க்க விடாதீர்கள். கூடத்து விளக்கு எரியட்டும், பிள்ளை தள்ளி உட்காரட்டும். இன்னொன்று முக்கியம். பழைய விளையாட்டுக்களில் திரை பளிச் பளிச்சென்று மின்னும். வலிப்பு வந்த பிள்ளையோ, குடும்பத்தில் யாருக்காவது வலிப்போ இருந்தால் வைத்தியரைக் கேட்காமல் ஆரம்பிக்க வேண்டாம். 1997 டிசம்பரில் ஜப்பானில் டி.வி.யில் ஒரு கார்ட்டூனின் மின்னல் காட்சியைப் பார்த்து நூற்றுக்கணக்கான பிள்ளைகள் ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டியதாயிற்று.

இனி 'கான்ட்ரா' கதை. டி.வி. கேம் வைத்திருந்த வீடுகளில் இதை ஆடாதவர்கள் இருக்க முடியாது. நீலக் கால்சட்டை ஒருவன், சிவப்புக் கால்சட்டை ஒருவன், கையில் துப்பாக்கியோடு காட்டுக்குள் ஓடுவார்கள். 'எஸ்' என்று எழுதியது பறந்து வந்தால் அதற்கு அடிபிடி. ஏனென்றால் அதை எடுத்தவனுக்குக் குண்டு விசிறி மாதிரி விரிந்து போகும். ஆரம்பத்தில் மேல் மேல், கீழ் கீழ், இடது வலது, இடது வலது, பி, ஏ என்று அழுத்தினால் மூன்று உயிர் முப்பது உயிராகும். ஹஷிமோட்டோ என்கிற ஜப்பானியர் வேறொரு விளையாட்டைச் சோதித்துப் பார்க்கத் தன் வசதிக்காக வைத்த வழி அதுவாம். எடுக்க மறந்துவிட்டாராம். 2020-இல் அவர் காலமானார். அவர் மறதியால் எங்கள் தெருப் பிள்ளைகள் எத்தனை பேர் கடைசி வரை போனோம்!

பையனுக்கு இதை ஆடிக் காட்ட வேண்டும் என்று எனக்கு ஒரே ஆசை. தம்பிதான் கண்டுபிடித்துச் சொன்னான். கான்ட்ராவைச் செய்த கோனாமி கம்பெனியே 2019-இல் தங்கள் பழைய கான்ட்ரா விளையாட்டுக்களை ஒரு தொகுப்பாகக் கம்ப்யூட்டருக்கு வெளியிட்டிருக்கிறார்கள். 'ஸ்டீம்' என்ற கடையில் வாங்கலாம். நம் ஊர் யூ.பி.ஐ. மூலமே பணம் கட்டலாம். எமுலேட்டர் வேலையை அந்தத் தொகுப்பே உள்ளுக்குள் பார்த்துக்கொள்கிறது. கம்ப்யூட்டருக்கு என்னென்ன தேவை என்று அங்கேயே போட்டிருப்பதைப் பார்த்துக்கொண்டு வாங்க வேண்டும். சரிப்படவில்லை என்றால், வாங்கி 14 நாளைக்குள், 2 மணி நேரத்துக்குக் குறைவாக ஆடியிருந்தால் பணத்தைத் திரும்பக் கேட்கலாம்.

வாங்குவதென்றால் மறுபடி செல்போன், மறுபடி பணம். இவர் முகத்தைப் பார்த்தேன். நாலு நாள் யோசித்தார். ஐந்தாம் நாள் சாப்பிட்டுக் கை கழுவியதும் பையனைக் கூப்பிட்டு, "நீயே பாத்துச் சொல்லுடா, எவ்வளவு?" என்றார். பையன் தொகையைப் படித்தான். "ஒரே தடவைதான்ப்பா. பொறவு கேக்காது" என்றான். இவர் கையால் மறைத்துக்கொண்டு ரகசிய எண்ணைப் போட்டார். பையன் அவனாகவே முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டான். இதை எழுதும்போதும் எனக்குக் கண் கலங்குகிறது.

கான்ட்ராவில் மூன்றாவது கட்டம் ஒரு அருவி. பக்கவாட்டில் ஓடுவது போய், பாறை பாறையாக மேலே குதித்து ஏற வேண்டும். இதில் ஒரு சூது உண்டு. இரண்டு பேர் ஆடும்போது ஒருவர் மேலே ஏற ஏறத் திரையும் மேலே போகும். கீழே தங்கியவர் திரைக்கு அடியில் மறைந்ததும் உயிர் போய்விடும். எதிரி யாரும் சுட வேண்டாம், கூட வந்தவரே போதும்! என் தம்பி குரங்கு மாதிரி தாவிக்கொண்டு போவான். நான் கீழே செத்துக்கொண்டே இருப்பேன். "இருடா, இருடா" என்று கத்திக் கத்தி, ஒரு நாள் கைப்பிடியாலேயே அவன் மண்டையில் ஒன்று போட்டுவிட்டேன். இப்போதும் தலை வாரும்போது அந்தத் தழும்பு தெரிகிறது என்பான்.

முதன்முதலாக நானும் பையனும் அந்தக் கட்டத்துக்கு வந்த அன்றைக்குச் சனிக்கிழமை. அவன் விரல் வேகத்துக்கு என்னால் ஈடு கொடுக்க முடியுமா? இரண்டு தடவை நான் கீழே போய்விட்டேன். மூன்றாம் தடவை பார்த்தால் அவனுடைய நீலக் கால்சட்டைக்காரன் ஒரு பாறையில் அசையாமல் நிற்கிறான். மேலேயிருந்து குண்டு வருகிறது. குனிந்து குனிந்து தப்பித்துக்கொண்டு அங்கேயே நிற்கிறான்.

"ஏன்டா நிக்கிற? போயேன்" என்றேன்.

"நீ வாம்மா. நான் ஏறுனா நீ செத்துருவ. நீ முன்னால ஏறு, நான் பின்னாலயே வர்றேன்."

அந்தத் தடவையும் உச்சிக்குப் போகவில்லை. பாதி அருவியில் கரண்டு போய்விட்டது. இருட்டில் இரண்டு பேரும் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம். "சேவ் பண்ணியாடா?" என்று கேட்டேன். "மறந்துட்டேன்ம்மா" என்றான். அத்தை உள்ளேயிருந்து, "சிம்னியை ஏத்துங்கடி யாராச்சும்" என்று குரல் கொடுத்தார்.

தம்பி தைப் பொங்கலுக்கு ஊருக்கு வருகிறான். அருவியில் அவனை நான் முந்த வேண்டும் என்று பையன் தினமும் எனக்குக் கால் மணி நேரம் பயிற்சி கொடுத்துக்கொண்டிருக்கிறான்.